மூன்று தட்டு

1931-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தின் கடைசி வியாழக்கிழமை, இரவுத் தொழுகை முடிந்து வெகுநேரம் கழித்து. பல்ஜுவான் மலைகளில், சங்கோப் கிராமத்துக்குக் கீழே, ஆறும் பாதையும் ஒன்றையொன்று உரசிக்கொண்டு போகும் இடுக்கு. மாலைவரை மழை. மழை நின்றதும் பனிமூட்டம் இறங்கிப் பாதையை மூடிவிட்டது. அந்தப் பாதையில் அப்போது நின்றிருந்தவர்கள் இருவர். வந்துகொண்டிருந்தவன் ஒருவன்.

விளக்கைத் தணியுங்கள். கணப்பின் மேல் விரித்திருக்கும் கனத்த போர்வையை ஆளுக்கொரு முனையாக இழுத்துக்கொள்ளுங்கள். இடையில் ஒருவரும் எழக் கூடாது. வாசலில் சத்தம் கேட்டாலும்தான்.

இது என் தோழி ஒய்னிஹோலின் பெரியப்பா குல்மத்துக்கு நேர்ந்தது. ஒய்னிஹோல் அப்போது தொட்டிலில் இருந்தாள்.

அந்த வசந்தத்தில், அரசை எதிர்த்துச் சண்டையிட்ட குதிரைக்காரர்கள் எல்லையிலுள்ள பஞ்ச் நதியைக் கடந்து மறுபடியும் மலைக்குள் வந்திருந்தார்கள். அவர்களைத் துரத்தப் பட்டாளம் போதவில்லை. ஆகவே அந்தந்த ஊரை அந்தந்த ஊரே காத்துக்கொள்ள வேண்டும் என்று அதிகாரிகள் இருந்த கூலாப் நகரத்திலிருந்து உத்தரவு வந்தது. துப்பாக்கி ஊருக்கு ஒன்று. மற்றவர்களுக்கு முசுக்கட்டைத் தடி. அதன் தலையில் ஒரு முழம் சிவப்புத் துணி. செந்தடிப் படை என்று பெயர். பெயர் பெரிது... கையில் இருந்தது தடிதான்.

குல்மத் தடி எடுத்ததற்குக் காரணம் வீரமன்று. அவருடைய தம்பி ஹோலிக், முந்தைய இலையுதிர்காலத்தில் குதிரைக்காரர்களோடு போய்விட்டான். விரும்பிப் போனானா, இழுத்துப் போனார்களா என்று ஊரில் இரண்டு விதமாகப் பேசினார்கள். உத்தரவோ ஒரே விதமாக இருந்தது: எந்த வீட்டு ஆண் அந்தப் பக்கம் இருக்கிறானோ, அந்த வீட்டை வக்ஷ் சமவெளிக்கு இறக்கிவிடுவார்கள். நாணல் வெட்டலாம், பருத்தி நடலாம், காய்ச்சலில் விழலாம். அங்கே போன கைக்குழந்தைகள் ஒரு கோடையைத் தாண்டவில்லை என்று ஊருக்கே தெரியும். ஹோலிக்கின் மனைவி ஜரகுலிடம் இருந்தது கைக்குழந்தை, ஒய்னிஹோல். வீட்டில் ஒருவர் செந்தடி ஏந்தினால் குடும்பம் இருக்கலாம் என்றார்கள். குல்மத் ஏந்தினார்.

ஹோலிக் விட்டுப்போன ரொட்டி சுவரில் தொங்கிக்கொண்டிருந்தது. புறப்பட்ட அன்று அவன் அதில் ஒரு கடி கடித்தான். ஜரகுல் மீதியை நூலில் கோத்து ஆணியில் மாட்டினாள். கடித்தவனே திரும்பி வந்து அதைத் தின்று முடிக்க வேண்டும். நம் வீடுகளில் வேறு எப்படி வழியனுப்புகிறோம்? சிறு வயதில் கழுதை உதைத்து அவனுக்கு மேல்வரிசை முன்பல் ஒன்று போயிருந்தது. அதனால் அவன் எதைக் கடித்தாலும் நடுவில் சிறு நாக்குப் போல ஒரு துண்டு நீண்டு நிற்கும். இன்னொரு பழக்கமும் உண்டு. எதைத் தின்றாலும் கடைசித் துண்டை அண்ணனுக்கென்று வைத்துவிடுவான். புறப்பட்ட அன்று குல்மத் கோபத்தில் தொழுவத்தை விட்டு வெளியே வரவில்லை. “கடைசித் துண்டு அவருக்குத்தான்னு சொல்லிடு,” என்று மனைவியிடம் சிரித்துவிட்டுப் போனான்.

குல்மத் ரொட்டி எதையும் கடிக்கவில்லை. சொந்த ஊரைக் காக்கிறவர் எங்கே போகிறார், கடித்து வைப்பதற்கு?

ஏப்ரலில் மன்னிப்பு அறிவித்தார்கள். சொந்தக்காரர் கையைப் பிடித்து அழைத்து வந்தால், சரணடைகிறவனும் பிழைப்பான், வீடும் பிழைக்கும். ஆனால் வந்து சேர வேண்டுமே. பகலில் கிளம்பினால் குதிரைக்காரர்கள் முதுகில் சுடுவார்கள். இரவில் வந்தால் தடிக்காரர்கள் மண்டையைப் பிளப்பார்கள். இரவுக் காவலில் குரல் எழுப்பக் கூடாது. குரல் வந்த திசையைக் குறிவைத்துக் குதிரைக்காரர்கள் சுடுவார்கள். காவல்காரர் தடியால் பாறையில் இரண்டு தட்டுவார். வருகிறவன் மூன்று தட்ட வேண்டும். தவறினால் அடி. கேள்வி கிடையாது.

குல்மத் ஒரு மேய்ப்பரிடம் சொல்லி அனுப்பினார்: வியாழன் இரவு என் முறை, நான் இரண்டு தட்டுவேன், நீ மூன்று தட்டு. பதில் வந்தது. வருகிறானாம்.

வியாழன் மாலை, ஜரகுல் சோற்றுக்குக் காரட் அரிந்துகொண்டிருந்தபோது, தடிப்படைத் தலைவர் ரஹ்மான்குல் ஊரின் ஒரே துப்பாக்கியோடு இடுக்கின் வாயில் ஆட்களைக் கூட்டினார். மாவு அரைக்கிறவர் அவர். துப்பாக்கியிலும் மாவு படிந்திருக்கும்.

“இன்னையிலேருந்து மூணு கிடையாது. பதில் ஒண்ணு. ஒரே தட்டு. மேலூர்ல எவனோ மூணு தட்டிட்டு உள்ள வந்து, காவல் நின்ன நாலு பேரையும் வெட்டிட்டுப் போயிட்டான். நம்மாளு எவனோ வாய விட்டிருக்கான்.”

குல்மத் மெதுவாகக் கேட்டார். “தெரியாம ஒருத்தன் மூணு தட்டினா?”

“நம்மாளு எல்லாருக்கும் சொல்லியாச்சு. மூணு தட்டுறவன் நம்மாளு இல்ல. அப்புறம், இனிமே ரெண்டு ரெண்டு பேரா நில்லுங்க. ஷோதி, நீ குல்மத்தோட.”

“ஐயோ, இவரோடயா?” என்றான் ஷோதி. “பாறையோட நின்னாலும் எதிரொலியாவது வரும். இவரு அது கூடத் தரமாட்டாரே!”

எல்லாரும் சிரித்தார்கள். மேய்ப்பர் மலையில் இருந்தார். ஹோலிக் ஏற்கெனவே கிளம்பியிருப்பான். வழியில் எந்த இடத்தில் அவனை மறித்துச் சொல்வது? இடுக்கில் நின்று காத்திருப்பதைத் தவிர வேறு வழியில்லை.

பனிமூட்டத்தில் ஆற்றின் இரைச்சல் மட்டும் இருந்தது. பக்கத்தில் நின்ற ஷோதியின் முகம் கூடத் தெரியவில்லை. அவன் மென்ற வெங்காயத்தின் வாடை தெரிந்தது. அப்புறம் வேறொரு வாடை... நனைந்த ஆட்டுத்தோல். குதிரை வியர்வை.

ஒரு கல் உருண்டது.

ஷோதி அவருடைய விலாவில் இடித்தான். குல்மத் பாறையில் இரண்டு தட்டினார்.

டக். டக். டக்.

“மூணு,” என்றான் ஷோதி, மூச்சுக்குள். “அண்ணே... மூணுதானே?”

குல்மத் மறுபடி இரண்டு தட்டினார். ஆற்றிலே ஒரு தட்டு மறைந்து போகாதா, ஒன்று மட்டும் கேட்காதா என்று. மறுபடியும் மூன்று வந்தது. அவசரமில்லாமல், இடைவெளி விட்டு, மனப்பாடம் செய்த பாடத்தைப் பிழையின்றி ஒப்பிக்கும் பிள்ளையைப் போல.

“அவனுங்கதான் அண்ணே! ஏன் நிக்கிறீங்க? யாரு அது? தெரிஞ்ச ஆளா?”

அந்தக் கடைசிக் கேள்வியில் வக்ஷ் சமவெளி இருந்தது. நாணலும், காய்ச்சலும், தொட்டிலும் இருந்தன. பனிக்குள்ளிருந்து ஓர் உருவம் ஓர் அடி முன்னால் வைத்தது. குல்மத் தடியை ஓங்கினார்.

முதல் அடி அவருடையது. அலறல் கேட்கவில்லை. ஏதோ சரிந்தது. தண்ணீரில் விழுந்தது. ஆறு முன்போலவே இரைந்தது.

வீட்டில் ஜரகுல் மூடிவைத்த சோற்றின் பக்கத்தில் விழித்திருந்தாள். “வந்தாரா அண்ணே?”

“வரல. படுத்துக்கோ.”

விடிந்ததும் தேடினார்கள். உருகிய பனி புரண்டோடும் காலம், உடல் அகப்படவில்லை. பாறையோரம் ஒரு குச்சி மட்டும் கிடந்தது. சிவப்புத் துணி கட்டாதது. தட்டுவதற்கென்றே வழியில் புதிதாக ஒடித்தது. “முதல் அடி அண்ணனோடது!” என்று ஷோதி ஊரெல்லாம் சொன்னான். ரஹ்மான்குல் எல்லார் முன்னிலையிலும் குல்மத்தின் தோளைத் தட்டினார். அது தம்பிதான் என்று குல்மத்துக்கு உறுதியாகத் தெரியாது. தெரியாது என்று தமக்குத் தாமே சொல்லிக்கொண்டார்.

மறுநாள் காலையில் ஜரகுல் தொழுவத்துக்கு ஓடி வந்தாள். வாயைத் துப்பட்டாவால் பொத்திக்கொண்டிருந்தாள். சிரிப்பை அடக்க முடியவில்லை.

“அவரு வந்துட்டாரு அண்ணே! நான் பாவி தூங்கிட்டேன். வந்து பாருங்க.”

சுவரில் ரொட்டி தொங்கியது. ஆறு மாதத்து ரொட்டி, கல்லாய்க் காய்ந்தது. பழைய கடிக்குப் பக்கத்தில் புதிய கடி. நடுவில் ஒரு சிறு நாக்கு நீண்டு நின்றது. குல்மத் தொட்டுப் பார்த்தார். அந்த இடம் மட்டும் மெத்தென்று ஈரமாக இருந்தது. முகர்ந்தார். ஆற்றுச் சேற்றின் மணம்.

“எலியா இருக்கும்,” என்றார்.

“எலிக்குப் பல்லு விழுந்திருக்கா? பயந்து எங்கேயோ ஒளிஞ்சிருக்காரு. நீங்க கண்டுக்காதீங்க. தானா வருவாரு.”

அதன்பின் இடுக்கில் காவல் மாறிப்போயிற்று. குல்மத் நிற்கும் இரவுகளில், அவர் இரண்டு தட்டினால், ஆற்றுப் பக்கமிருந்து மூன்று வரும். யாரும் வரமாட்டார்கள். தட்டு மட்டும் வரும். ஷோதி முதலில் சிரித்தான், பிறகு வேண்டிக்கொண்டான், பிறகு வரவே இல்லை. “எதிரொலி வேணும்னு நான்தான் கேட்டேன். போதும்டா சாமி,” என்றானாம். மற்றவர்களும் ஆளுக்கொரு காரணம் சொல்லி விலகினார்கள். கடைசியில் அந்தப் பாறையில் குல்மத் மட்டும் நின்றார். தட்டாமல் இருந்து பார்த்தார். அப்போது அந்தப் பக்கம் இருப்பது... காத்திருந்தது. ஈர ஆட்டுத்தோலின் வாடை விலகாமல் நின்றது. அவர் இரண்டு தட்டிய பிறகுதான், மூன்று வந்து, வாடை போகும். விடியலில் அவர் வீட்டுக்குப் போனால் ரொட்டியில் இன்னொரு கடி இருக்கும். ஜரகுல் கண்ணுக்கு மை தீட்டத் தொடங்கியிருந்தாள். அவர் அவள் முகத்தைப் பார்க்காமல் தொழுவத்துக்குப் போய்விடுவார்.

ரொட்டி தேய்ந்து உள்ளங்கையளவான நாளில் அதைப் பற்றிய சேதி ரஹ்மான்குலின் காதுக்கு எட்டியது. அவர் வந்து வாசலில் நின்றார். செருப்பைக் கழற்றவில்லை.

“ஜரகுல், நேராக் கேக்குறேன். உன் புருஷன் வந்தானா, வரலையா?”

“வந்தாரு. அதோ, ரொட்டியைப் பாருங்க.”

“என்ன பேசுறோம்னு தெரிஞ்சுதான் பேசுறியா? வந்தவனை ஒளிச்சு வச்சிருந்தா மன்னிப்பும் இல்ல, ஒண்ணுமில்ல. நாளைக்கே வண்டி கட்டணும். பிள்ளையோட.”

“கட்டுங்க. வந்தவரை வரலைன்னு சொல்ல மாட்டேன். என்னை விதவையாக்கிப் பாக்கணும்னு ஆசையா ஒங்களுக்கு? ஒங்க ஆலையில மாவுல கல்லு கலக்குற மாதிரி என் வாயில பொய்யைக் கலக்காதீங்க.”

ரஹ்மான்குல் குல்மத்தைப் பார்த்தார். “நீ சொல்லு.”

குல்மத் எழுந்தார். தடியைச் சுவரில் சாய்த்துவைத்தார்.

“அவன் வரல. வரவும் மாட்டான். அன்னிக்கு ராத்திரி இடுக்குல நான் அடிச்சது அவனைத்தான்.”

“பனியில முகமே தெரியலன்னு ஷோதி சொன்னானே. உனக்கு எப்படித் தெரியும்?”

“மூணு தட்டினான். மூணு தட்டச் சொல்லி அனுப்பினவன் நான்.”

தொட்டில் ஆடிக்கொண்டிருந்தது, யாரும் ஆட்டவில்லை. ஜரகுல் சுவரருகே போனாள். பிறகு ஆணியிலிருந்து நூலை அவிழ்த்தாள். ரொட்டியில் மிஞ்சியிருந்த கடைசித் துண்டைக் குல்மத்தின் கையில் வைத்தாள்.

“ஒங்க பங்கு. மூணு நாளா இதை மட்டும் தொடல. ஏன்னு எனக்குப் புரியல அண்ணே. இப்பப் புரியுது.”

அன்றிரவும் இடுக்கில் ஆள் நிற்க வேண்டியிருந்தது. வேறு எவரும் வர மறுத்தார்கள். சைகையை வெளியே சொன்ன குற்றத்துக்காகக் குல்மத்தைக் காலையில் கூலாபுக்கு அனுப்புவது என்று சொல்லிவிட்டு, அந்த ஒரு காவலுக்கு அவரையே அனுப்பினார் ரஹ்மான்குல். குல்மத் ரொட்டித் துண்டைக் கைக்குட்டையில் முடிந்துகொண்டு போனார். ஜரகுல் வாசலில் குழந்தையோடு உட்கார்ந்திருந்தாள். இடுக்கின் பக்கமிருந்து இரண்டு தட்டு கேட்டது. மூன்று தட்டு கேட்டது. சற்று நேரம் ஒன்றுமில்லை. அப்புறம் மறுபடி இரண்டும் மூன்றும்... இம்முறை கேள்வியும் பதிலும் ஆற்றுப் பக்கமிருந்தே வந்தன.

காலையில் தடி பாறையில் சாய்ந்திருந்தது. கைக்குட்டை பிரிந்து கிடந்தது. அதன் நடுவில் ரொட்டித் துண்டு. அதில் இரண்டு கடிகள் இருந்தன. ஒன்றின் நடுவில் சிறு நாக்கு நீண்டிருந்தது. மற்றது முழுப் பல்வரிசை.

அன்று மதியம் ஊர்ப் பெரியவர்கள் மாவு ஆலையில் கூடினார்கள். குதிரைக்காரன் ஹோலிக்கைச் செந்தடிப் படை அடித்துக் கொன்றது என்று கூலாபுக்குச் சொல்வது. ஆகவே அந்த வீட்டை இறக்க வேண்டியதில்லை என்று கேட்டுக்கொள்வது. குல்மத் ஆற்றில் தவறிவிட்டார் என்று சொல்வது. இடுக்கில் இனிக் காவல் வைப்பதில்லை. இருட்டிய பின் அந்த வழியே போகிறவர், இரண்டு தட்டு கேட்டால் நிற்க வேண்டும். தாம் பதில் தட்டக் கூடாது. மூன்று தட்டு வரும்வரை காத்திருந்து, பிறகு போக வேண்டும். குல்மத்துக்காகச் சுவரில் ஒரு ரொட்டி மாட்ட அனுமதிக்க வேண்டும் என்று ஜரகுல் கேட்டாள். அதையும் பேசினார்கள். அவர் புறப்படும்போது எதையும் கடித்து வைத்துவிட்டுப் போகவில்லை. ஆகையால் மாட்டுவதற்கு ஒன்றுமில்லை என்று முடிவாயிற்று.