ஒரே வெயிலில் மங்கிய சின்னம்

காரின் முன்பக்கச் சின்னம் மங்கிவிட்டால் அதை மாற்றிவிட வேண்டும் என்பது என் கொள்கை. வண்டி ஓடுகிறதா இல்லையா என்பது மெக்கானிக்கின் கவலை. எதிரே வருகிறவன் முதலில் பார்ப்பது அந்தச் சின்னத்தைத்தான். அது தோலுரிந்து கிடந்தால் ஓட்டுகிறவனையும் அப்படித்தான் எடைபோடுவான்.

ஆரம்பத்திலிருந்து சொல்லுங்கள் என்று நீங்கள் கேட்டதால் இங்கிருந்து தொடங்குகிறேன், இன்ஸ்பெக்டர் மேடம். எழுத்துத் தமிழிலேயே சொல்லிவிடுகிறேன். பல வருடமாகக் கோயில் தலைவராக மேடையேறிப் பேசிப் பேசி, வாய்க்கு இதுதான் வருகிறது. நீங்கள் மலாயில் எழுதிக்கொள்ளும்போது அழகு கொஞ்சம் குறையும். அதற்கு நான் பொறுப்பில்லை.

சாமிநாதன் என்று எங்கள் ஊர் புக்கிட் காத்திலில் யாரைக் கேட்டாலும் வீட்டைக் காட்டுவார்கள். கோயில் வாசலில் முதலில் நிற்பது என் கார்தான். நம் நாட்டுத் தயாரிப்பு, வெள்ளி நிறம். பக்கத்து வீட்டு அப்துல் முத்தலிப்பிடமும் அதே கார், அதே நிறம். சேர்ந்தே போய் வாங்கினோம். டவுனில் ஜவுளிக்கடை வைத்திருக்கிறான். என்னைவிட வயதில் சிறியவன், எனக்குத் தம்பி மாதிரி. இரண்டு வீட்டுக்கும் வாசல் மேற்குப் பார்த்தது, மத்தியான வெயில் இரண்டு காரின் மூக்கிலும் ஒரே அளவாக விழும். முதலில் பளபளப்பு போகும். பிறகு ஓரத்தில் கொப்புளம் மாதிரி எழும்பும். அப்புறம் நகத்தால் தொட்டாலே வெள்ளிப் பூச்சு செதில் செதிலாக வரும். இரண்டு காருக்கும் அப்படித்தான் ஆனது.

முத்தலிப் அதைக் கண்டுகொள்ளவில்லை. நான் அப்படி இருக்க முடியுமா. செங் என்கிற பக்கத்து ஊரில் ஒரு கார் அக்சஸரி கடைக்கு நடையாய் நடந்தேன். கறுப்பில் இருந்தது, தங்க நிறத்தில் இருந்தது, சுற்றிலும் விளக்கு எரிகிற ஒன்றும் இருந்தது. அதை மாட்டினால் கார் வருகிறதா காவடி வருகிறதா என்று எதிரே வருகிறவனுக்குக் குழப்பமாகிவிடும். என் தங்கை மகன் பவன், தன்னுடைய சின்ன உள்ளூர்க் காரில் ஜெர்மன் காரின் சின்னத்தை ஒட்டிக்கொண்டு சுற்றுகிறான். இல்லாத பரம்பரையை நெற்றியில் ஒட்டிக்கொள்கிற பிழைப்பு எனக்குப் பிடிக்காது. என் வண்டிக்கு உரியது எதுவோ அதையே, அசலாகப் பார்த்து எடுத்தேன். பொய்ச் சின்னம் என் வண்டியில் ஏறாது என்று கடைக்காரனிடமே சொன்னேன்.

பழையதைக் கழற்ற எனக்கே மனமில்லைதான். வெள்ளிக்கிழமைதோறும் காரைக் கழுவி, அந்தச் சின்னத்தின் மேல் சந்தனம் அப்பி, நடுவில் குங்குமம் வைப்பேன். வருடக்கணக்கில் வைத்துவந்ததில் அது இடுக்குகளில் இறங்கி, மஞ்சளும் சிவப்புமாகக் காய்ந்து உட்கார்ந்துவிட்டது. என் மனைவி ராமாத்தாள் ஒருநாள் பல் குத்தும் குச்சியால் சுரண்டிப் பார்த்தாள். "கல்லு மாதிரி இருக்குங்க, வரவே மாட்டேங்குது" என்றாள். அது பக்தி, சுரண்டினால் போகாது என்றேன். நல்ல வாக்கியம் என்று அப்போது நினைத்தேன்.

சரஸ்வதி பூஜையன்று புதுச் சின்னம் ஏறவேண்டும் என்பது திட்டம். முன்கூட்டியே பழையதைத் தளர்த்தி வைக்கலாம் என்று உட்கார்ந்தேன். ஹேர் டிரையரால் சூடு காட்டி, பின்பக்கம் தூண்டில் நரம்பை விட்டு, மெல்ல அறுத்து எடுக்க வேண்டும். பாதி அறுத்திருப்பேன், ராகு காலம் தொடங்கிவிட்டது. ராகு காலத்தில் ஒன்றைப் பிரித்தெடுப்பது வீட்டுக்கு ஆகாது. அப்படியே விட்டுவிட்டு எழுந்தேன். மீதிப் பாதியில்தான் அது தொங்கிக்கொண்டிருந்தது. சாஸ்திரத்தை மதிக்காதவனாக இருந்திருந்தால் அன்றைக்கே முழுதாகக் கழற்றியிருப்பேன், உங்களுக்கும் இந்த வேலை மிச்சமாகியிருக்கும்.

அந்த வாரம் செலண்டார் பக்கம் ஒரு தோட்டக் கோயிலுக்குத் திருவிழா அழைப்பிதழ் கொடுக்கப் போனேன். திரும்பும்போது சாயங்காலம், நல்ல மழை. எங்கள் செயலாளர் போனில் இருந்தார். அழைப்பிதழில் யார் பெயர் மேலே, யார் பெயர் கீழே என்று கமிட்டிக்குள் ஒரு சண்டை. உபயம் தர வரமாட்டார்கள், பெயர் போட மட்டும் வரிசையில் நிற்பார்கள். அதைத்தான் விளக்கிக்கொண்டிருந்தேன். எண்ணெய் எடுக்கிற செம்பனைக் காட்டுக்கு நடுவில் ஒரு வளைவில், காரின் முன்பக்கம் எதிலோ தட்டியது.

நான் இறங்கிப் பார்த்தேன். பலர் இறங்காமலே போய்விடுவார்கள். நான் இறங்கினேன் என்பதைத் தயவுசெய்து எழுதிக்கொள்ளுங்கள். பம்பரில் ஒரு கீறல். விளக்கு உடையவில்லை. சின்னம் மட்டும் இல்லை.

குடையைப் பிடித்துக்கொண்டு புல்லிலும் சக்கரத்துக்கு அடியிலும் கால்வாய் ஓரத்திலும் தேடினேன். அங்கே ஒரு பெண்ணும் கிடந்தாள். கருப்பாயி என்று பெயர், தோட்டத்தில் உதிர்ந்த செம்பனைப் பழம் பொறுக்குகிறவள் என்பதெல்லாம் பிறகு தெரிந்தது. அவளுடைய கோணிப்பை அவிழ்ந்து பழங்கள் சாலையெல்லாம் உருண்டு கிடந்தன. ஒவ்வொன்றையும் காலால் ஒதுக்கி ஒதுக்கித்தான் நான் தேட வேண்டியிருந்தது.

"அண்ணே" என்றாள். "கீழ என்னமோ குத்துதுண்ணே. கொஞ்சம் தூக்கி விடுங்கண்ணே."

"அசையாதம்மா" என்றேன்.

அடிபட்டவர்களைக் கண்டபடி தூக்கக் கூடாது. கோயில் மண்டபத்தில் நடந்த முதலுதவி வகுப்பில் அப்படித்தான் சொல்லிக்கொடுத்தார்கள். அந்த வகுப்பைத் தொடக்கிவைத்துப் பேசியதே நான்தான். ஆம்புலன்சுக்குக் கூப்பிட்டிருக்கலாமே என்று கேட்டீர்கள். செயலாளர் இன்னும் லைனில் இருந்தார். நடுவில் வெட்டினால் அந்த ஆள் மாதக்கணக்கில் முகத்தைத் தூக்கிவைத்துக்கொள்வார். அவர் பேசி முடிப்பதற்குள் மழை பலத்துவிட்டது, வெளிச்சமும் குறைந்துவிட்டது. இனித் தேடிப் பயனில்லை என்று கிளம்பினேன். காரில் ஏற்றியிருக்கலாம் என்பீர்கள். திருவிழாவுக்காக அப்போதுதான் சீட்டுக்குப் புது உறை போட்டிருந்தேன்.

மறுநாள் எங்கள் தாமான் குடியிருப்பின் வாட்சாப் குழுவில் செய்தி வந்தது. செலண்டார் சாலையில் ஒரு பெண்ணை மோதிவிட்டு ஓடிய வெள்ளி நிறக் காரைப் போலீஸ் தேடுகிறது, முன் சின்னம் இல்லாத கார் அல்லது புதிதாக மாற்றிய கார் கண்ணில் பட்டால் சொல்லவும் என்று. மருத்துவமனைக்குக் கொண்டுபோகும் வழியில் அந்தப் பெண் இறந்துவிட்டதும் அதிலேயே இருந்தது. நான் உடனே கைகூப்பும் படம் ஒன்றைப் போட்டேன். பிறகு பலரும் போட்டார்கள்.

இப்போது என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். வீட்டில் அசல் சின்னம் பெட்டியோடு இருக்கிறது, மாட்ட முடியாது. பின்பக்கப் பெயரெழுத்தெல்லாம் மங்கிப்போன காரில் அது ஒன்று மட்டும் பளபளத்தால், கிழவன் வாயில் ஒற்றைத் தங்கப் பல் மாதிரி இருக்கும். எனக்கு வேண்டியது, என் காரோடு சேர்ந்து மங்கிய ஒரு சின்னம். அதே வெயில், அதே மழை, அதே கொப்புளம். வேலிக்கு அந்தப் பக்கம் பார்த்தேன்.

முத்தலிப் குழுவில் வருவதைப் படிக்கிறவன் இல்லை. நான் தினமும் அனுப்புகிற காலை வணக்கப் படங்களுக்குப் பயந்து அதை மூடிவைத்திருந்தான். என் காருக்கு உறை போட்டு மூடிவிட்டு, பெட்டியோடு அவன் வீட்டுக்குப் போனேன்.

"என்னண்ணே இது, எனக்கா?" என்றான்.

"தீபாவளிக்கு வருஷா வருஷம் நீ எங்களுக்குத் துணி குடுக்கறியே. இது என்னோட பங்குன்னு வச்சுக்க."

நானே உட்கார்ந்து மாற்றிக் கொடுத்தேன். சூடு காட்டி, நரம்பால் அறுத்து, மிச்சப் பசையை மண்ணெண்ணெய்த் துணியால் துடைத்து, நூல் பிடித்த மாதிரி நேராகப் பொருத்தினேன். வேலை என்றால் அதுதான் வேலை. அவன் மனைவி சாலிஹா ரோஸ் சிராப் தண்ணி கொண்டுவந்தாள். "எவ்ளோ நேரமா வெயில்ல குந்தியிருக்கீங்க, குடிங்கண்ணே. சொந்த அண்ணன்கூட இப்படிச் செய்ய மாட்டாங்க லா" என்றாள். உண்மைதான்.

"பழச என்னண்ணே பண்ணப் போறீங்க?" என்றான் முத்தலிப்.

"குப்பையில போட்டுடறேன் தம்பி. உனக்கு எதுக்கு அந்தக் கவல."

அன்று சாயங்காலமே அது என் காரில் ஏறிவிட்டது. பிறந்ததிலிருந்து அங்கேயே இருந்தது மாதிரி பொருந்தியது.

ஒரு குடிமகன் என்கிற முறையில் நான்தான் போலீசுக்குப் போன் போட்டேன். பெயர் சொல்லவில்லை, எனக்கு விளம்பரம் பிடிக்காது. உங்கள் ஆட்கள் வந்து முத்தலிப்பின் காரைப் பார்த்தார்கள். அவன் வாராவாரம் செலண்டார் பக்கம் தோட்டங்களில் துணி விற்கப் போகிறவன். அந்தப் புதுச் சின்னத்தைப் பற்றி அவன் என் பெயரைச் சொன்னதால் என்னிடமும் கேட்டார்கள். ஆமாம், நான்தான் வாங்கிப் பொருத்தினேன், அவன் கேட்டுக்கொண்டதால் செய்தேன், பழையது ஏற்கெனவே எங்கோ விழுந்துவிட்டது என்றான், என்று சொன்னேன். கோயில் தலைவர் சொல்வதை யார் சந்தேகப்படுவார்கள்.

லாக்கப்பில் அவனைப் போய்ப் பார்த்தேன். வீட்டிலிருந்து சோறும் கொண்டுபோனேன். "அண்ணே, மறந்துட்டீங்களா? நீங்கதானே அத கழட்டினீங்க. நல்லா யோசிச்சுப் பாருங்கண்ணே" என்றான். குரலில் கோபமே இல்லை. எனக்கு வயதாகி ஞாபகம் தப்புகிறது என்று நினைத்துக்கொண்டிருந்தான். அது எனக்குக் கொஞ்சம் வருத்தமாகத்தான் இருந்தது. என் ஞாபகசக்தி இன்றைக்கும் ஒன்றும் குறையவில்லை.

நேற்று சாலிஹாவுக்குத் துணையாக நான் இங்கே வந்தது நல்லெண்ணத்தில்தான். கேஸ் அன்றுதான் உங்கள் கைக்கு வந்திருந்தது. தேவமலர் என்று சட்டையில் பெயரைப் பார்த்ததும், நம் பெண் என்று எனக்குச் சந்தோஷம்கூட வந்தது. சாலையில் கிடைத்த சின்னத்தை ஒரு பிளாஸ்டிக் பையில் மேசைமேல் வைத்து, "இது ஒங்க வண்டியோடதுதானான்னு பாருங்கக்கா" என்றீர்கள்.

சாலிஹா குனிந்து நெடுநேரம் பார்த்தாள்.

"இடுக்குல என்ன மேடம், மஞ்சளும் செவப்புமா?"

"செம்மண்ணுன்னு எழுதியிருக்காங்க."

"செம்மண் இல்ல மேடம். இது சந்தனம், குங்குமம். நாங்க பிஸ்மி சொல்லிட்டு வண்டியில ஏறுறவங்க. எங்க வண்டிக்கு ஒருநாளும் சந்தனம் வச்சதில்ல."

சொல்லிவிட்டு அவள் மெதுவாகத் திரும்பி என் நெற்றியைப் பார்த்தாள். பிறகு நீங்களும் பார்த்தீர்கள். வழக்கம்போல் சந்தனமும் குங்குமமும் வைத்திருந்தேன். நீங்கள் எழுந்து வெளியே போய், என் கார்ச் சின்னத்தின் மேலிருந்த சந்தனத்தை நகத்தால் சுரண்டினீர்கள். மேலே, மாட்டிய பிறகு வந்த ஒரே வெள்ளிக்கிழமை வைத்த சந்தனம்தான் இருந்தது. அடியில் இடுக்கெல்லாம் சுத்தம், தன் காரில் இருந்தவரை முத்தலிப் சோப்புப் போட்டுத் தேய்த்த சுத்தம். இத்தனை விஷயங்களை யோசித்தவன் அதை யோசிக்காமல் விட்டுவிட்டேன். பக்தி கண்ணை மறைத்துவிட்டது என்று எழுதிக்கொள்ளுங்கள்.

ஆக, மோதியது நான்தான். சின்னத்தை மாற்றியதும், போன் போட்டதும், பொய் வாக்குமூலம் கொடுத்ததும் நான்தான். முத்தலிப்பை இன்றைக்கே அனுப்பிவிடுவீர்கள் என்கிறீர்கள். அனுப்புங்கள், அவனுக்குக் கெடுதல் நினைக்கிறவன் நான் இல்லை. அந்தப் புதுச் சின்னத்தையும் அவனே வைத்துக்கொள்ளட்டும், திருப்பிக் கேட்க மாட்டேன்.

கடைசியாக ஒன்று. உயிரோடு கிடந்தவளை ஏன் தூக்கவில்லை என்று நீங்கள் திரும்பத் திரும்பக் கேட்கிறீர்கள். அந்த வழியாக ஒரு லோரிக்காரன் வந்து தூக்கியபோது சின்னம் அவள் முதுகுக்கு அடியில் இருந்தது என்று இப்போது நீங்கள் சொல்லித்தான் எனக்கே தெரிகிறது. கீழே என்னவோ குத்துகிறது என்று அவள் சொன்னதைத் தெளிவாகச் சொல்லியிருக்கலாம். அங்கேதான் இருக்கிறது என்று தெரிந்திருந்தால், மேடம், நான் அவளைக் கட்டாயம் தூக்கியிருப்பேன்.