முசே ஆர்மானின் காது

பூண்டைத் தட்டி நல்லெண்ணெயில் போட்டுக் காய்ச்சி ஊற்றினால் எந்தக் காதுவலியும் நின்றுவிடும். எங்கள் வீட்டில் என் மனைவி மைமூன் காய்ச்சுவாள். த்வாண்டே ஊர்க் குயவர்களின் மண்சட்டியில்தான் சூடு நிற்கும் என்பாள். ரங்கூன் மழையில் காது வலிக்காதவர் யார், இன்ஸ்பெக்டர் ஐயா?

முசே ஆர்மானுக்கும் வலித்தது. பிரான்சிலிருந்து புதுச்சேரிக்கு வந்து, அரைகுறைத் தமிழ் கற்று, பிறகு ரங்கூனுக்குக் கப்பலேறியவர். எங்கள் கொட்டகையில் ஊமைப்படம் ஓடும்போது பியானோ வாசிப்பார். நான் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்பவன். வெள்ளைக்காரி அழுதால் ஏன் அழுகிறாள் என்று தமிழில் சொல்ல ஆள் வேண்டுமே. அவர் வரும்வரை துறைமுகத்துக் கூலிகள் என் குரலுக்குத்தான் அழுதார்கள்.

அவர் நல்ல மனிதர், அதையும் எழுதிக்கொள்ளுங்கள். படத்துக்குப் படம் புது மெட்டுப் போடுவார். ஜனங்களே அதற்கு வார்த்தை கட்டிப் பாடினார்கள். மிங்கலா தாங்ஞுன்ட் சந்தையில் மீன் விற்பவள்கூட முணுமுணுத்தாள். மைமூன் அதைப் பாடிக்கொண்டே அரிசி களைந்தாள். எனக்கு வயிறு எரிந்தது. ஒருநாள் கதாநாயகி சாகும் கட்டத்தில் நான் வாயெடுத்ததும் துறைமுகக் கூலி தங்கவேலு முன்வரிசையிலிருந்து கத்தினான்.

"யோவ் பாரி, வாய மூடுய்யா. பாட்ட கேக்க விடு."

கொட்டகையே கைதட்டியது.

அந்த வாரம்தான் கல்கத்தா ரிக்கார்டுக் கம்பெனி ஒன்று அவரை அழைத்தது. அவருடைய மெட்டுகள் இசைத்தட்டாகப் போகின்றன. கப்பலேறுமுன் காது குணமாக வேண்டுமென்று என்னிடம்தான் வந்தார்.

"பாரி, உன் வீட்டு எண்ணெய் ஊத்து. நீ ஊத்தினா பயமில்லை."

மைமூனைச் சிரமப்படுத்தவில்லை. நானே காய்ச்சினேன். ரயில் பாதையோரம் எருக்கு மண்டிக் கிடக்கிறது. பூண்டுக்குப் பதில் அதன் பாலைச் சேர்த்தேன். என் மடியில் தலைவைத்துப் படுத்தார். எரிகிறது என்றார். எரிந்தால்தான் மருந்து வேலை செய்யும் என்று சொல்லித் தலையை அழுத்திப் பிடித்துக்கொண்டேன். பிறகு மறுபக்கம் திரும்பச் சொன்னேன். திரும்பினார்.

மழைக்காலத்தில் பியானோவின் சுருதி கலைந்துவிடும். காட்சிக்கு முன்னால் அவரே சரிசெய்வார். இரண்டு காதும் கேட்காமல் போனதை வெளியே சொல்ல வெட்கப்பட்டு, ஒவ்வொரு கட்டையாகத் தட்டிவிட்டு என் முகத்தைப் பார்த்தார். நான் தலையாட்டினேன். எவ்வளவு கோணலானாலும் தலையாட்டினேன். அன்று அவர் வாசித்ததற்குக் கொட்டகை ஊளையிட்டது. திறந்த வாய்களைப் பார்த்துப் பாராட்டு என்று நினைத்தார் போலிருக்கிறது, எழுந்து கும்பிட்டார். அவர் வாசிப்பதை நிறுத்திய பிறகு நான் கதையைத் தொடர்ந்தேன். எல்லோரும் கேட்டார்கள்.

கப்பல் அவரில்லாமல் போயிற்று. இப்போது என் வீட்டுப் பின்கட்டில் இருக்கிறார். நம்பி வந்தவரைக் கைவிடுவது எங்கள் வழக்கமில்லை. போன வாரம் ரயில் ஊதியபோது லேசாகத் திரும்பினார். இடது காது தேறி வருகிறது என்று உங்கள் டாக்டரும் சொன்னாராம்.

செய்தது நான்தான், கையெழுத்துப் போடுகிறேன். கொஞ்சம் சீக்கிரம் விட்டால் நல்லது. சட்டியில் நானே எண்ணெய் காய்ச்சி வைத்துவிட்டு வந்திருக்கிறேன். நான் போய் ஊற்றாவிட்டால் அந்த மனிதரை வேறு யார் கவனிப்பார்கள்?