நான் வெட்டிய நான்கு நிமிடம்

மேடையில் அமர்ந்திருக்கும் நடிகர் சங்கத் தலைவர் அவர்களே, சக கலைஞர்களே, முன்வரிசையில் மகளோடு அமர்ந்திருக்கும் அண்ணி அவர்களே, அனைவருக்கும் வணக்கம்.

இயக்குநர் என்ற முறையில், மறைந்த நம் அண்ணனைப் புகழ்ந்து பேச என்னை அழைத்தார்கள். அந்தத் தகுதி எனக்கு உண்டா என்பதை, நான் பேசி முடித்த பிறகு நீங்களே முடிவு செய்யுங்கள்.

முப்பத்தாறு ஆண்டுகள்! இருநூறு படங்கள்! நீதிபதியாக வந்தார், பெண்ணின் அப்பாவாக வந்தார். அதிகம் போட்டது டாக்டர் வேடம். அதனால்தான் நமக்கெல்லாம் அவர் 'டாக்டர் அண்ணன்'. ஒருமுறை மருந்துக்கடை வாசலில் ஒரு அம்மா அவரிடமே எக்ஸ்ரேயை நீட்டிவிட்டார். "அம்மா, எனக்குத் தெரிஞ்சது ஒரே வசனம்தான். இருபத்திநாலு மணி நேரம் போனாத்தான் எதுவும் சொல்ல முடியும்" என்றார் அண்ணன். சிரித்துவிட்டு நகர்ந்துவிட்டாரா? இல்லை! அந்த அம்மாவை நிஜ டாக்டரிடம் கூட்டிப்போய், கூப்பிடும்வரை கூடவே உட்கார்ந்திருந்தார். துணை நடிகர் என்கிறோமே, துணை என்ற சொல்லுக்கு அவரல்லவா பொருள்!

அந்த மனிதருக்கு நான் என்ன செய்தேன்?

பதினோரு ஆண்டுகளுக்கு முன் என் படத்தில் அவருக்கு அப்பா வேடம். ஆஸ்பத்திரி நடைவழியில், இறந்துபோன மகனின் சட்டையை வாங்கி, பொத்தான்களை ஒவ்வொன்றாகப் போட்டு மடிக்கும் காட்சி. நான்கு நிமிடம். வசனமே கிடையாது. 'கட்' சொல்ல எனக்கு வாய் வரவில்லை. லைட்மேன்கள் அழுதார்கள். எடிட்டிங் அறையில் அதைப் பார்த்த கதாநாயகன், "இது இருந்தா என்னை யாரு சார் பாப்பாங்க? தூக்கிடுங்க" என்றார். தூக்கிவிட்டேன். அவர்மேல் பழி போட்டுத் தப்பிக்க மாட்டேன். முடிவு என்னுடையது.

அண்ணனிடம் சொன்னேனா? அதுவும் இல்லை. படம் வெளியான அன்று தியேட்டரில் முதல் காட்சிக்கு அண்ணியையும் மகளையும் சம்பந்தி வீட்டாரையும் கூட்டிக்கொண்டு வந்துவிட்டார். படத்தில் அவர் வந்தது இரண்டே இடம். இரண்டிலும் முதுகுதான் தெரிந்தது! வெளியே வந்து என் கையைப் பிடித்தார்.

"நீளம் அதிகமாயிருச்சா தம்பி?"

"ஆமாண்ணே. நீளம்தான்."

"பரவால்ல, விடுங்க. படம் நல்லா வந்திருக்கு."

அந்தப் பொய்யோடு மேலும் ஐந்து படங்களில் அவரை நடிக்க வைத்தேன். அவர் படுக்கையில் விழுந்தபோது ஆஸ்பத்திரி வாசல்வரை இரண்டுமுறை போய்த் திரும்பினேன்.

இன்று காலைதான் அண்ணியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அண்ணி சொன்னார்: "அவருக்கு அப்பவே தெரியும் தம்பி. எடிட்டர் சொல்லிட்டாரு. 'அவனே வந்து சொல்லுவான், நீ எதுவும் கேட்டுடாதே'ன்னாரு. நீங்க போன் பண்றப்பல்லாம், இன்னிக்குச் சொல்லிடுவான்னு நெனச்சுத்தான் எடுப்பாரு."

பதினோரு ஆண்டுகள் காத்திருந்தாரே! கேட்டுக்கொண்டிருந்த மகள் எழுந்து உள்ளே போய்விட்டாள்.

அந்தக் காட்சி என்னிடம் பத்திரமாக இருக்கிறது. வரும் வெள்ளிக்கிழமை இதே அரங்கில் அதைத் திரையிடுவேன். படத்திலும் சேர்ப்பேன். இனி என் படத்தில் எவர் காட்சியை எடுக்க நேர்ந்தாலும், படம் வெளிவருமுன் அவர் வீட்டுக்கே போய், காரணத்தை மறைக்காமல் சொல்வேன். சங்கத்தின் முன் இது என் உறுதி.

மகளே, நீயும் வரவேண்டும். பார்த்து முடித்ததும் நீ என்ன கேட்டாலும், இத்தனை பேர் முன்னால் நின்று பதில் சொல்கிறேன்.