கேமரா பிரிண்ட்

சொல்கிறேன். ஆனால் இடையில் யாரும் எழுந்து போகாதீர்கள்.

இரவு பத்தரை மணி. பேரணாம்பட்டிலிருந்து ஆம்பூர் வரும் சாலை. முன்னும் பின்னும் ஒரு வண்டியும் இல்லை. என் நண்பன் மூர்த்தி மொபெட்டில் வருகிறான். சட்டைக்குள் ஒரு டிவிடி. வண்டி கனமாக இழுத்தது... பின்சக்கரத்தில் காற்றுக் கம்மி என்று எண்ணினானாம். சுண்ணாம்பில் ஊறிய தோலின் வாடை வேறு. அந்த இடத்தில் தோல் பதனிடும் ஷாப்பே கிடையாது.

இரண்டாயிரத்து நாலில் நடந்தது. டிவிடி அவனுடைய அக்காள் பூங்குழலிக்கு. அவள் கணவர் முனிரத்தினம் தோல் ஷாப்பில் வேலை செய்தவர். நெஞ்சுச்சளி முற்றி இறந்தார். அதற்கு முந்தைய வாரம்தான் இருவரும் ஒரு படத்துக்குப் போயிருந்தார்கள். அவர்கள் பார்த்த அதே காட்சியை யாரோ திரையரங்கில் உட்கார்ந்தே கேமராவில் திருடி, சிடியாக விற்றுவிட்டார்கள். மங்கலான படம், கீழே வரிசையாகத் தலைகள். அவற்றுள் அவர் தலை ஒன்று. பக்கத்தில் பூ வைத்த தலை, அக்காளுடையது. நாயகி அழும் இடத்தில் ஒரு நீண்ட இருமல்... அவருடையது. அரங்கமே சிரிக்கும். ஒருவன் கத்துவான்: "யோவ், வூட்டுக்குப் போய் இருமுய்யா!"

அக்காள் அதைத் தினமும் போட்டுக் கேட்டாள். சோறு இறங்கவில்லை. இப்படியே விட்டால் அவளும் போய்விடுவாள் என்று மூர்த்தி பயந்தான். பேரணாம்பட்டில் சத்தார் கடையில் ஒரு வழக்கம்: பழைய கேமரா பிரிண்டைக் கொடுத்தால், தெளிவான டிவிடி கம்மி விலைக்குக் கிடைக்கும். அவளிடம் சொல்லாமல் மாற்றிக்கொண்டான்.

"கண்ணாடி மாதிரி பிரிண்ட், தோஸ்த். ஒரு தலகூட மறைக்காது," என்றானாம் சத்தார்.

உண்மைதான். வீட்டில் போட்டதும் அக்காளின் முகம் வெளுத்தது.

"இன்னாடா இது? ஒருத்தருமே இல்லியே... எங்கடா அவரு?"

நாயகி அழுதாள். தெளிவான அழுகை. பிறகு...

இருமல். தொலைக்காட்சியில் இல்லை. அவர்களுக்குப் பின்னால், வாசற்படியில்.

மூர்த்தி திரும்பவில்லை. அக்காள் திரும்பினாள்.

"வந்துட்டீங்களா? மாத்திர போட்டீங்களா?"

விடிந்ததும் அக்காளை வீட்டில் விட்டுவிட்டு, பழைய சிடியைத் திரும்ப வாங்க அவன் சத்தார் கடைக்கு ஓடினான். அங்கேயே அதைப் போட்டுப் பார்த்தார்கள். நாயகி அழுதாள். இருமல் இல்லை. ஒன்றுமில்லாததற்கு அரங்கம் சிரித்தது. "வூட்டுக்குப் போய் இருமுய்யா!"

ஓர் இருக்கை மடியும் சத்தம்... ஒரு தலை எழுந்து, திரைக்குக் குறுக்கே வாசல் பக்கம் நடந்தது.

பக்கத்து இருக்கையும் மடிந்தது. பூ வைத்த தலை, பின்னாலேயே போயிற்று.