கீழேர்ந்து ஏறின கரண்ட்

இல்லம்மா பொன்னி, விசாரிக்கிற ஆபீசர் சாப் சாப்பிடப் போயிருக்காரு, மூணு மணிக்குத்தான் வருவாரு. இப்படி நெழல்ல தள்ளி உக்காரு. டெல்லில இந்த ஜனக்புரில தமிழாளுங்களுக்குப் பஞ்சமில்ல. ஆனா ஹிந்திய உனக்குத் தமிழ்ல சொல்ல, கரண்ட் வேலையும் தெரிஞ்சவன் வேணும்னு சொல்லி என்னைப் புடிச்சு உன்கூட உக்கார வச்சிட்டாங்க.

பேப்பர்ல என்ன எழுதியிருக்குன்னா... உன் வீட்டுக்காரன் தர்மன் லைன ஆஃப் பண்ணாம கம்பத்துல ஏறினான், அதனால கரண்ட் அடிச்சு செத்தான், தப்பு அவனோடதுன்னு ஹிந்தில எழுதியிருக்கு. நீ கையெழுத்துப் போட்டுட்டா விசாரணை முடிஞ்சுது.

ம். கேஸ் அடுப்பக்கூட மூணு தடவ திருகிப் பாத்துட்டுத்தான் படுப்பானா? அப்படித்தான் இருப்பான். அவன் லைன ஆஃப் பண்ணிட்டுத்தாம்மா ஏறினான். அப்புறம் எங்கேர்ந்து கரண்ட் வந்துச்சுன்னு கேக்குற. சொல்றேன்.

அதோ, ரெண்டு கம்பத்துக்கு நடுவுல பச்சையா ஒரு டப்பா இருக்கு பாரு. அதான் டிரான்ஸ்ஃபார்மர். உள்ள எண்ணெ, எண்ணெக்குள்ள இரும்பு, அந்த இரும்புல ரெண்டு கம்பி சுத்தியிருக்கும். ஒண்ணு நூறு சுத்துன்னா இன்னொண்ணு நாலு சுத்துன்னு வச்சிக்க. ரெண்டு கம்பியும் ஒண்ண ஒண்ணு தொடாது. ஒண்ணுல ஓடுற கரண்ட் இரும்ப காந்தமாக்கும், அந்தக் காந்தம் மாறி மாறி ஆடுறதுல அடுத்த கம்பில கரண்ட் பொறக்கும். நூறு சுத்துல பதினோராயிரம் வோல்ட் வந்தா, நாலு சுத்துல நானூத்தி சொச்சந்தான். அதத்தான் வீட்டுக்கு விடுறாங்க.

புரியுதா? அச்சா. இப்ப நாலு சுத்து பக்கம் நீ அந்த நானூத்தி சொச்சத்தக் குடுத்தேன்னா? அந்தப் பக்கம் பதினோராயிரம் ஆயிடும். எது மேல, எது கீழன்னு அதுக்குத் தெரியாதும்மா. குடுக்குற பக்கத்துலேர்ந்து வாங்கிக்கும்.

கீழேர்ந்து யாரு குடுப்பாங்களா? ஜெனரேட்டரு. இங்க ஃப்ளாட்டு சொசைட்டி ஒண்ணு இருக்கு, அதுக்குத் தனி டிரான்ஸ்ஃபார்மர். கரண்ட் போனா ஜெனரேட்டர் போட ஒரு ஆபரேட்டர் உண்டு. லைனுக்கும் ஜெனரேட்டருக்கும் நடுவுல ஒரு கைப்பிடி. மேல தள்ளுனா லைன், கீழ தள்ளுனா ஜெனரேட்டர். ரெண்டும் சேராம இருக்கத்தான் அது. ஹோலிக்கு முன்னாடியே அது இறுகிப் போச்சு. ஆபரேட்டர் அத விட்டுட்டு ஜெனரேட்டர் வயர நேரா போர்டுல கட்டிட்டான். வெளி லைன வெட்டி விடுற மெயின் சுவிட்ச எறக்கிட்டு ஓட்டுனா ஒண்ணும் ஆகாது. மூணு மாசம் அப்படித்தான் ஓட்டுனான்.

அன்னிக்கு நாப்பத்தாறு டிகிரி. லைன்ல வேலைன்னு காலைலயே கரண்ட நிறுத்திட்டாங்க. நாலாம் மாடில பொம்பளைங்க கூடுற கிட்டி பார்ட்டி, ஏசி நின்னு போச்சு, அந்தம்மா பால்கனிலேர்ந்து ஜல்தி பையா ஜல்தி, சீக்கிரம் போடுன்னு கத்துச்சு. லிஃப்ட்ல ஒரு கொழந்த மாட்டியிருந்தாலாவது அவசரத்துக்கு ஒரு அர்த்தம் இருந்திருக்கும். மெயின எறக்காம ஓட்டிட்டான். கொஞ்ச நேரத்துல ஜெனரேட்டர் ஒரு தடவ முக்குச்சு, லைட்டெல்லாம் மங்குச்சு. அந்த நிமிஷமே அவனுக்குத் தெரிஞ்சுபோச்சு. ஓடிப்போய் மெயின எறக்கினான். தர்மன் மூணு கம்பம் தள்ளி, மேல தொங்கிட்டு இருந்தான்.

ஏறினதும் கம்பிலேர்ந்து ஒரு செயின மண்ணுல எறக்கியிருந்தா கரண்ட் மண்ணுக்குப் போயிருக்கும், பொழச்சிருப்பான், அதுவும் நெசந்தான். லைன் வேலை பாக்குற மூணு கூட்டத்துக்கும் சேத்து ஒரே செயின். அன்னிக்கு அது வேற எடத்துல இருந்துச்சு.

விசாரணைக்கு ஆபரேட்டரக் கூப்பிடாம இருப்பாங்களா? கூப்பிட்டாங்க. ராத்திரியோட ராத்திரியா புது கைப்பிடி மாட்டிட்டு வந்து, எல்லாம் டீக் தா சாப், சரியாத்தான் இருந்துச்சுன்னு சொன்னான். எழுதிக்கிட்டாங்க.

கையெழுத்துப் போடாதம்மா. போட்டேன்னா உன் மக நாளைக்கு எங்கப்பா கவனமில்லாம செத்தாருன்னுதான் சொல்லிட்டுத் திரியும். போடலைன்னா மட்டும் என்ன ஆகும்னு கேட்டா... ஒண்ணும் ஆகாது. பேப்பர் அப்படியேதான் இருக்கும்.

அந்த ஆபரேட்டர் வந்து மாத்திச் சொல்லுவானான்னா, எனக்கு நம்பிக்கை இல்ல. பொண்டாட்டி அக்னஸ்கிட்டகூட அவன் இன்னும் சொல்லல. போன ஞாயித்துக்கிழம பாவசங்கீர்த்தனத்துக்கு முட்டி போட்டுட்டு, சாமியார்கிட்ட வேற ஏதோ பாவத்தச் சொல்லிட்டு எந்திரிச்சு வந்துட்டான். தமிழ்ல இன்னிக்குத்தான் மொத மொதல்ல சொல்றான்.

சாப் வண்டி வந்துடுச்சு, எந்திரி. பேப்பர்ல கடைசில சாட்சின்னு போட்டு ஜெரால்டுன்னு ஒரு கையெழுத்து இருக்கு பாரு. அது என்னோடதும்மா. உள்ள போனதும் அவரு ஹிந்திலதான் கேப்பாரு. நான் திரும்பவும் எல்லாம் டீக் தா சாப்னுதான் சொல்லுவேன்னு நெனக்கிறேன்.