கண்ணில் விழுந்த முடி

இந்த இரங்கல் கூட்டத்துக்குத் தலைமை ஏற்றிருக்கும் தோல் தொழிலாளர் சங்கத்தின் அப்துல் சமத் பாய் அவர்களே, முடிதிருத்துவோர் சங்கப் பெரியவர்களே, சாமிநாதனின் துணைவியார் செல்லம்மாள் அவர்களே, மகள் சோபனா, கடையை அடைத்துவிட்டும் ஷிஃப்டை விட்டுவிட்டும் வந்திருக்கும் ஆம்பூர் மக்களே, எல்லோருக்கும் என் வணக்கம். வாசலில் கம்பெனி அனுப்பிய மலர்வளையம் ஒன்று நிற்கிறது. அதற்கு என் வணக்கம் கிடையாது.

என் பெயர் இன்பராஜ். அந்தத் தோல் கம்பெனியில், செம்மறித்தோலில் கொழுப்பு எடுக்கும் பிரிவில் இருபத்தாறு வருடம் நின்றவன். ஐந்தாம் வகுப்போடு பள்ளியை விட்டவன். நல்லதாக நாலு வார்த்தை சொல்லி, ஆன்மா சாந்தியடையட்டும் என்று முடித்துக்கொள்ளச் சொன்னார்கள். சாமிநாதன் சாந்தியோடு சாகவில்லை. நான் ஏன் சாந்தியோடு பேச வேண்டும்?

மூன்று வருடத்துக்கு முன்னால் ஒரு ஞாயிற்றுக்கிழமை, அவருடைய முடிதிருத்தும் கடை நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். புருவத்தை ஒதுக்கிக்கொண்டிருந்த கை நின்றது.

"அண்ணே, கண்ல முடி வுழுந்துகீது."

"எந்தக் கண்ல?"

"வலது கண்ல. முழி மேலயே கீது. உனக்குத் தெர்லயா?"

எனக்குத் தெரியவில்லை. கண்ணுக்குள் முடி கிடக்கிறது, நான் இமைக்காமல் அவரையே பார்த்துக்கொண்டிருக்கிறேன்! அவர் கையைக் கழுவிவிட்டு வந்தார். சுத்தமான பஞ்சை நூல்போலத் திரித்து, என் இடது கண்ணின் ஓரத்திலிருந்து கருவிழியைத் தொட்டார். இரண்டு கண்ணும் படக்கென்று மூடிக்கொண்டன. வலது கண்ணைத் தொட்டார். இரண்டு கண்ணும் திறந்தபடியே இருந்தன.

அவர் சிரிக்கவில்லை. எந்தப் பிரிவில் வேலை என்று மட்டும் கேட்டார். பிறகு எங்கள் பிரிவு ஆட்கள் ஒவ்வொருவராக வர வர, அனுமதி கேட்டுத் தொட்டுப் பார்த்தார். பதினோரு பேரில் ஏழு பேருக்குக் கண் அப்படித்தான் இருந்தது. சவரம் செய்யும்போது கன்னத்தில் கத்தி பட்டால்கூட அந்த ஏழு பேருக்கும் தெரியாது என்பதையும் அவர்தான் கண்டுபிடித்தார். எந்த ஆஸ்பத்திரி கண்டுபிடித்தது? எந்த அதிகாரி கண்டுபிடித்தார்? ஒரு முடிதிருத்துநர் கண்டுபிடித்தார்!

வேலூரில் பழைய புத்தகக் கடையில், மருத்துவ மாணவர் யாரோ விற்றுவிட்டுப் போன புத்தகத்தை வாங்கினேன். அகராதியை வைத்துக்கொண்டு எட்டு மாதம் படித்தேன். முகத்தில் பட்டதை மூளைக்குச் சொல்லும் நரம்பு ஒன்று. இமையை மூடு என்று உத்தரவு கொண்டுவரும் நரம்பு வேறொன்று. இடது கண்ணைத் தொட்டால் வலது இமையும் மூடுகிறது என்றால், உத்தரவு கொண்டுவரும் நரம்பு நன்றாக இருக்கிறது. சேதி கொண்டுபோகும் நரம்புதான் செத்திருக்கிறது. தோலில் கொழுப்பு எடுக்க ஊற்றும் அந்தக் கரைப்பானின் ஆவி, மூடிய அறையில் வருடக்கணக்காக எங்கள் முகத்தைத் தின்றிருக்கிறது.

கம்பெனி டாக்டர் என்ன செய்தார்? என் முகத்துக்கு நேரே கையை வீசினார். இமைத்தேன். குறை இல்லை, நடிக்கிறான் என்று எழுதினார். கை வருவதைப் பார்த்து இமைப்பது பார்வையின் வேலை. தொட்டால் இமைப்பது வேறு வழி. ஐந்தாம் வகுப்புக்காரனுக்குத் தெரிந்த இது அவருக்குத் தெரியாதா? தொடும்போது இமைக்காமல் இருக்க எந்த நடிகனால் முடியும்?

பஞ்சால் தொட்டுப் பாருங்கள் என்று கேட்கத்தான் சாமிநாதன் என்னோடு டாக்டர் அறைக்கு வந்தார். அவர் சாதியை இழுத்து டாக்டர் சொன்னதை அப்படியே சொல்கிறேன்.

"உங்க ஆளுங்களுக்கு மருத்துவர்னு ஒரு பேர் உண்டில்ல? அதனால டாக்டர் ஆயிட்டியா?"

சாமிநாதன் குரலை உயர்த்தவில்லை. "நான் டாக்டர் இல்ல சார். அதான் தொட்டுப் பாத்தேன்."

பத்தாவது நாள் அவர் கடைக்குப் பூட்டு விழுந்தது. கடை வரிசை முழுவதும் கம்பெனிக்குச் சொந்தம். அவர் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு போய், கம்பெனி கேட்டுக்கு நேர் எதிரே வேப்பமரத்தடியில் போட்டார். இரண்டு கோடைக்காலம் அங்கேயே நின்றார். அதற்குள் எங்கள் ஏழு பேரில் ஒருவனான ஜியாவுல்லாவின் கண்ணில் தோல்தூசி விழுந்து, உறுத்தாமலே புண்ணாகி, பார்வை போய்விட்டது. அவனையும் நடிக்கிறான் என்றுதான் எழுதியிருந்தார்கள். போன மாதம், போர்த்தும் துணியை உதறிய கையோடு சாமிநாதன் அந்த மரத்தடியில் விழுந்தார். ஐம்பத்து நாலு வயது. மாரடைப்பு என்று சான்றிதழ் சொல்கிறது. வெயிலில் நிறுத்தியவன் பெயர் சான்றிதழில் இல்லை. என் மனதில் இருக்கிறது.

நாங்கள் ஏழு பேரும் நஷ்டஈடு கேட்டுப் போட்ட வழக்கு வேலூரில் நடக்கிறது. போன வாரம் விசாரணையில் கம்பெனி வக்கீல் எழுந்தார். சோதனை செய்தவர் உயிரோடு இல்லை, அவர் சொன்னதை ஏற்கக் கூடாது என்றார். சொல்லிவிட்டு உட்கார்ந்தபோது அவர் முகத்தில் இருந்த நிம்மதியைப் பார்த்தேன். ஒரு வாரத்துக்குள் மலர்வளையம் வருகிறது! என்ன அவசரம்!

பெரியவர்களே, மன்னிப்பது பெரிய குணம் என்பார்கள். எனக்கு அந்தக் குணம் வேண்டாம். இருபதாம் தேதி மறுபடி விசாரணை. ஜியாவுல்லாவும் வருவான். ஏழு பேரும் விசாரணை அறையில் உட்காருவோம். சாமிநாதன் சொன்னதை நம்ப வேண்டாம், உங்கள் கையாலேயே தொடுங்கள் என்று அதிகாரியிடம் பஞ்சைக் கொடுப்பேன். அந்த டாக்டர் எதிரில் உட்கார்ந்து பார்க்க வேண்டும். அதைப் பார்க்கும் வரை நான் சாக மாட்டேன்.

அதே பிரிவில் இப்போது இருபது வயதுப் பையன்களை நிறுத்தியிருக்கிறார்கள். கேட் காலை ஆறரைக்குத் திறக்கும். செல்லம்மாள் அம்மா, அந்த நாற்காலியை மரத்தடியிலிருந்து எடுத்துவிடாதீர்கள். நேற்று சோபனாவிடம் கேட்டேன். "அப்பா எனக்கும் சொல்லிக் குடுத்துருக்காரு பெரியப்பா, நான் வர்றேன்" என்றது பிள்ளை. நாளை ஆறு மணிக்கு நாங்கள் இருவரும் அங்கே இருப்போம். உள்ளே போகும் ஒவ்வொருவனையும் உட்காரவைத்துத் தொட்டுப் பார்த்துத்தான் அனுப்புவோம்.

அந்த மலர்வளையத்தை யாரும் தூக்கி எறிய வேண்டாம். காலையில் நானே எடுத்துப் போய் கேட்டில் மாட்டுகிறேன். அது சாமிநாதனுக்கு அல்ல, யாருக்கு என்று கம்பெனிக்குப் புரியும்.