அடிக்காத அடிகள்

எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைச் சமையல் என்னுடையது. நான் வைக்கும் வத்தக்குழம்பு கல்பகத்துக்குப் பிடிக்கும். பதினான்கு வருடமாக அப்படித்தான். நான் மோசமான கணவன் என்ற எண்ணத்தோடு நீங்கள் இதை எழுதத் தொடங்கக் கூடாது என்பதற்காக முதலில் சொல்கிறேன்.

என் பெயர் தியாகு. ஊர் தென்காசிப் பக்கம். பாலாநகரில் ஒரு தொழிற்சாலையில் தரப் பரிசோதகர். வீடு லோத்குண்டாவில், ராணுவ நிலத்து மதிலை ஒட்டி. கல்பகம் செகந்திராபாத்திலேயே பிறந்து வளர்ந்தவள். பள்ளியில் கணக்கு டீச்சர்.

இந்த நகரத்தில் நான்கு மந்திரப் பள்ளிகளுக்கு உங்கள் வாரியம் அனுமதி கொடுத்திருக்கிறது. ஐந்தாவதைத் தடை செய்திருக்கிறது. இன்மைப் பள்ளி. நடந்ததை நடக்காததாக்குவதும் இருந்ததை இல்லாததாக்குவதும்தான் அங்கே பாடம். மாதாப்பூரில் ஒரு மென்பொருள் அலுவலகத்தின் மீட்டிங் ரூமில் சனிக்கிழமைதோறும் சௌம்யா சொல்லிக்கொடுத்தாள். என்னைவிடப் பதினைந்து வயது சின்னவள். வந்தவர்கள் எல்லாரும் சாதாரண மனிதர்கள். ஒருவருக்குத் தவறாக அனுப்பிவிட்ட மெயில் இல்லாமல் போக வேண்டும். இன்னொருவருக்குப் பைக்கிலிருந்து விழுந்தது. எனக்கு, கல்பகத்தை ஒருமுறை அடித்துவிட்டது.

அடித்த அன்றே அவள் தன் தோழி நஸ்ரின் வீட்டுக்குப் போய் மூன்று நாள் இருந்துவிட்டு வந்தாள். வந்தபின்னும் முகம் கொடுத்துப் பேசவில்லை. அந்த ஓர் அடியைத் திரும்ப எடுத்துவிட வேண்டும் என்றுதான் பள்ளியில் சேர்ந்தேன். நான் வருந்தினேன் என்பதற்கு இதுவே சாட்சி.

உள்ளங்கையை மூடிக்கொண்டு, நடந்ததை முடிவிலிருந்து தொடக்கம்வரை வாய்க்குள் சொல்ல வேண்டும். கையைத் திறக்கும்போது அது நடந்திருக்காது. எட்டாவது வாரம் எனக்குக் கைகூடியது. கல்பகம் சிரித்த முகமாக வந்து, கத்தரிக்காய் நறுக்கட்டுமா என்று கேட்டாள்.

இனி அடிக்கவே போவதில்லை என்றுதான் நினைத்தேன். ஆனால் அடித்தாலும் அடிக்காததாகிவிடும் என்று தெரிந்தபின் கை முன்போலத் தயங்கவில்லை. அவள் அழுது முடிக்கும்வரை காத்திருந்து, அவள் கண்ணில் படாமல் எடுத்துவிடுவேன். ஒருமுறை மணிக்கட்டு எலும்பு முறிந்தது. அதையும் எடுத்தேன். அவள் உடம்பில் ஒரு கீறல் கிடையாது, எந்த டாக்டரை வைத்து வேண்டுமானாலும் பாருங்கள். அவளுக்கு நினைவும் கிடையாது. எல்லாவற்றையும் சுமந்தவன் நான்தான், ஏனென்றால் எடுத்தவனுக்கு மட்டும் நினைவிருக்கும்.

எடுத்தவனுக்கும், எடுப்பதைக் கண்ணால் பார்த்தவருக்கும். சௌம்யா இதை முதல் வகுப்பிலேயே சொல்லியிருந்தாள். நான் கவனக்குறைவாக இருந்துவிட்டேன்.

எங்களுக்கு ஒரு மகள் இருந்தாள். ரக்ஷிதா. பதினோரு வயது. தமிழில் கேட்டால் தெலுங்கில் பதில் சொல்வாள். ஒருநாள் பள்ளியைச் சீக்கிரம் விட்டுவிட்டார்கள். நான் உள்ளங்கையைத் திறந்தபோது சமையலறை வாசலில் பையோடு நின்றிருந்தாள். அதன்பின் நான் சற்றுக் குரலை உயர்த்தினாலும் நோட்டுப் புத்தகத்தோடு வந்து எங்கள் இருவருக்கும் நடுவில் உட்கார்ந்துகொள்வாள்.

ஒரு மாலை மொட்டை மாடியில் காய்ந்த துணிகளை எடுத்துக்கொண்டிருந்தோம்.

"நாகு அந்தா தெலுசு, நானா," என்றாள். எனக்கு எல்லாம் தெரியும் அப்பா என்று. பிறகு, எனக்குச் சரியாகப் புரிய வேண்டும் என்றோ என்னவோ, தமிழில் சொன்னாள். "அம்மாக்கு ஞாபகம் இல்ல. எனக்கு இருக்கு. நீங்களே அம்மாகிட்ட சொல்லிடுங்க. இல்லன்னா நான் சொல்லிடுவேன்."

கோபமாகச் சொல்லவில்லை. என் சட்டையை மடித்துக்கொண்டே சொன்னாள்.

கல்பகம் அதைத் தாங்கமாட்டாள். மறுநாள் ரக்ஷிதா வீட்டுப்பாடம் எழுதும்போது பின்னால் நின்று உள்ளங்கையை மூடினேன். பதினோரு வருடத்தைச் சொல்லி முடிக்க நாற்பது நிமிடம் ஆயிற்று. பாதியில் திரும்பிப் பார்த்தாள். "வத்து, நானா," என்றாள். வேண்டாம் என்று அர்த்தம். எழுந்து ஓடவில்லை. நான் நிறுத்திவிடுவேன் என்று நினைத்திருக்கலாம்.

உங்கள் படிவத்தில் கொலை என்ற சொல்லைப் பார்த்தேன். அது பொருந்தாது. பிறக்காதவள் எப்படிச் சாவாள்.

குழந்தை இல்லாத தம்பதி என்றுதான் இப்போது எல்லாரும் எங்களைச் சொல்கிறார்கள். பள்ளிப் பேருந்து வரும் நேரத்துக்குக் கல்பகம் வாசல் கேட் அருகே போய் நிற்கிறாள். ஏன் என்று கேட்டேன். தெரியவில்லை, கால் தானாகப் போகிறது என்றாள். டாக்டரிடம் போகலாம் என்றேன்.

"நக்கோ," என்றாள், வேண்டாம் என்று. "இருந்த ஒண்ணு தொலைஞ்ச மாதிரி இருக்கு தியாகு. இல்லாததுக்கு யாராச்சும் இப்டி அழுவாங்களா?"

அன்றிலிருந்து எனக்குச் சரியான தூக்கம் இல்லை. சோறு இறங்குவதில்லை. அதன்பின் அவளை இரண்டு முறைதான் அடித்திருக்கிறேன்.

சௌம்யாவிடம் போய், எடுத்ததைத் திரும்ப வைக்க முடியுமா என்று பொதுவாகக் கேட்பதுபோலக் கேட்டேன். அவள் லேப்டாப்பை மூடினாள்.

"ஆளையா எடுத்தீங்க, சார்?"

நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

"எடுத்த நாள்லேர்ந்து ஒரு வருஷம் டைம் இருக்கு. அந்த ஆளைப் பறிகொடுத்தவங்க முகத்தைப் பார்த்து, முதல்லேர்ந்து எல்லாத்தையும் சொல்லணும். பேரோட சொல்லணும். சொன்னா திரும்பி வருவாங்க. வேற யார்கிட்ட சொன்னாலும் பிரயோஜனமில்ல."

அடுத்த வாரம் அவள் வகுப்பையே மூடிவிட்டாள்.

கல்பகத்திடம் சொல்லத்தான் இருந்தேன். தீபாவளி போகட்டும் என்று பார்த்தேன். பிறகு அவளுக்குப் பரீட்சைத் தாள் திருத்தும் நேரம். பிறகு ரத்த அழுத்தம். சொன்னால் என்னை விட்டுப் போய்விடுவாள், குழந்தையை வைத்துக்கொண்டு தனியாகக் கஷ்டப்படுவாள் என்று அவளுக்காகவும் யோசிக்க வேண்டியிருந்தது.

அந்த ஒரு வருடம் நேற்று மாலை ஆறு மணிக்கு முடிந்தது. இன்று காலை நீங்கள் அலுவலகத்தைத் திறப்பதற்கு முன்பே வாசலில் வந்து நின்றுவிட்டேன். யாரும் என்னைக் கூப்பிடவில்லை. உண்மையை மனதுக்குள் பூட்டி வைத்துக்கொண்டு என்னால் ஒருநாள்கூட இருக்க முடியாது.